ரஷ்ய நாவலின் மூன்றாம் துண்டு

பாண் வெட்டும் கத்தியால் ஒரு ரஷ்ய நாவலை வெட்ட முடியாது. இதை நாங்கள் சிட்னியின் செவன் ஹில்ஸில், குணம் அண்ணை வீட்டுக் கராஜில், ஒரு ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் கண்டுபிடித்தோம்.

ரொட்டி அறுக்கும் அந்தக் கத்தி தடித்த அட்டையைத் தாண்டிப் போனது. முதுகிலிருந்த பசையையும் தாண்டியது. உள்ளே தைத்திருந்த நூலில் போய் நின்றுவிட்டது. அந்தக் காலத்தில் மாஸ்கோவில் தமிழ்ப் புத்தகம் தைத்தவர்கள், பிற்காலத்தில் யாராவது இப்படியும் செய்யக்கூடும் என்று எதிர்பார்த்தே தைத்திருக்க வேண்டும்.

“ஐசே, உதை அங்காலை வையும். பாண் கத்தியாலை பாணை வெட்டும்,” என்றார் குணம் அண்ணை.

அவர் அட்டைப்பெட்டி செய்யும் தொழிற்சாலையில் வேலை செய்கிறவர். பெட்டி வெட்டும் பிளேடு ஒன்று அவருடைய காற்சட்டைப் பையில் எப்போதும் இருக்கும், மற்றவர்கள் பேனா வைத்திருப்பதுபோல. கோயிலுக்குப் போகும்போது மட்டும் அதைக் காரில் வைத்துவிட்டு இறங்குவார்.

புத்தகம் பிங்பொங் மேசையில் கிடந்தது. ஜெயா அக்கா அதை இரண்டு கையாலும் அமர்த்திப் பிடித்திருந்தார். அவர் வெஸ்ட்மீட் வைத்தியசாலையில் பல வருடமாகத் தாதி. துள்ளுகிற எதையும் அசையாமல் பிடிக்கத் தெரிந்தவர்.

“யோசிக்காமல் வெட்டுங்கோ அண்ணை. யோசிச்சால் இழுபடும்.”

ராகவன் சுவர்ப்பக்கம் திரும்பி நின்றுகொண்டார். மதுரைக்காரர், கணினி வேலை, எங்கள் நால்வரில் இளையவர். “எனக்கு என்னமோ பாவம் பண்ற மாதிரியே இருக்கு. சரஸ்வதிய நாலு துண்டா போடுறோம்.”

“ரஷ்யாவுக்கும் சரஸ்வதியோ பொறுப்பு?” என்று ஜெயா அக்கா கேட்டார்.

ராகவன் பதில் யோசிப்பதற்குள் பிளேடு இறங்கிவிட்டது. இறைச்சிக் கடையில் கேட்கிற சத்தம் ஒன்று கேட்டது. மூன்று வெட்டு முடிந்ததும் ஆளுக்கொரு துண்டை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டோம்.

வெட்டப்பட்டது என்னுடைய புத்தகம். அந்த உரிமையில் முதல் துண்டு எனக்கு வந்தது. அதை நான் பல தடவை வாசித்திருக்கிறேன். அதற்கு அப்பால்தான் போனதில்லை.

ஏன் இந்தக் கொலை

சென்ற வாரம் இந்தப் பத்தியில் நான் கார் ஓட்டும் பரீட்சையில் தோற்ற கதையை எழுதியிருந்தேன். அதைப் படித்த மெல்பேர்ன் வாசகர் ஒருவர், “உங்களுக்குத் தோல்வியைத் தவிர வேறு அனுபவமே இல்லையா?” என்று கேட்டிருக்கிறார். அவருக்காகத்தான் இந்த வாரம் இலக்கியம்.

எங்கள் வாசகர் வட்டத்தில் நான்கு பேர். வட்டம் என்பது கொஞ்சம் கூடுதல். சதுரம் என்று சொல்லலாம். அந்த ரஷ்ய நாவலாசிரியரின் சரித்திர நாவல்கள் எல்லாவற்றையும் தமிழில் வாசித்து முடிப்பது எங்கள் திட்டம். அவருடைய பெயரை இங்கே எழுதப்போவதில்லை. எழுதினால், “ஆஹா, அவரா, மேதை அல்லவா!” என்று பல கடிதங்கள் வரும். அவற்றில் ஒன்றுகூட வாசித்தவர் எழுதியதாக இருக்காது. எங்கள் வட்டத்தில் அவருக்குப் ‘பெரியவர்’ என்று பெயர்.

பெரியவரின் முதல் நாவலில் உப்பு வண்டிகள் வடக்கே போகும். இரண்டாவதில் ஒரு கோமகன் தன் காட்டை விற்பான், நானூறு பக்கத்துக்கு விற்பான். மூன்றாவதுதான் பெரியது. ஆற்றங்கரையில் ஒரு பட்டணம். எதிரிப் படை வருகிறது. ஊரைக் காலி செய்யுங்கள் என்று ஆளுநர் உத்தரவு போடுகிறார்.

சரித்திர நாவல் என்றதும் நமக்குக் குதிரையும் வாளும் ஞாபகத்துக்கு வரும். பெரியவர் தளபதியின் கூடாரத்துக்குள் எட்டிப் பார்ப்பதேயில்லை. எந்த வீட்டில் அடுப்பை அணைக்க மறந்தார்கள், எந்த வண்டியில் யாருடைய தையல் இயந்திரத்தை ஏற்ற இடமில்லாமல் இறக்கினார்கள், இதைத்தான் எழுதுவார். எதிரிகள் எப்போது வந்தார்கள் என்பதையே நாம் பால்காரன் வராததை வைத்துத்தான் ஊகிக்க வேண்டும்.

முதல் இரண்டு நாவல்களையும் ஒரே பிரதியாகக் கைமாற்றி வாசித்தோம். அதற்குப் போன காலத்தில் சிட்னியில் ஒரு ரயில் பாதையே போட்டுத் திறந்துவிட்டார்கள். அதில் பெரும்பகுதிக் காலம் புத்தகம் என் வீட்டில் இருந்தது என்று ஜெயா அக்கா சொல்வார். நான் மறுப்பதில்லை.

“படம் எடுத்து பிடிஎஃப் போட்டுர்றேன். எல்லாரும் போன்லயே படிக்கலாம்,” என்று ராகவன் சொல்லிப் பார்த்தார்.

“போனிலை வாறது செத்தவீட்டுச் செய்தி. அதுக்குள்ளை நாவல் வாசிக்கேலாது,” என்றார் குணம் அண்ணை.

அப்போதுதான் ஜெயா அக்கா வெட்டுகிற யோசனையைச் சொன்னார். நான்கு துண்டு, நான்கு பேர், எல்லோரும் ஒரே நேரத்தில் வாசிக்கலாம். மாதத்துக்கு ஒருமுறை கராஜில் கூடி மாற்றிக்கொள்வது. ஒரே ஒரு விதி: கையில் இருப்பதைக் கொடுத்தால்தான் அடுத்ததை வாங்கலாம்.

நடுவிலிருந்து தொடங்கினால் கதை விளங்குமா என்று ராகவன் கேட்டார். நாங்கள் எல்லோரும் இந்த நாட்டுக்குள்ளேயே நடுப்பக்கத்தில்தான் நுழைந்தோம், முன்கதை தெரியாமல் சமாளிக்கவில்லையா என்று நான் சொன்னேன். அவருக்கு இரண்டாம் துண்டு. குணம் அண்ணைக்கு மூன்று. ஜெயா அக்காவுக்குக் கடைசி.

எல்லாப் பக்கத்தையும் புரட்டியவர்

இந்தப் புத்தகம் சிட்னிக்கு வந்த விதத்தையும் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் வீட்டில் புத்தகத்துக்குள் வேப்பிலை வைப்பது வழக்கம். பூச்சி வராது. நான் ஒருமுறை யாழ்ப்பாணம் போய்த் திரும்பும்போது அம்மா இந்தப் புத்தகத்தைப் பெட்டிக்குள் வைத்தார். அதற்கு இடம் வேண்டும் என்று மிளகாய்த்தூளை நானே வெளியே எடுத்தேன். மனைவி இன்றுவரை மன்னிக்காத விஷயங்களில் இது முதலாவது.

விமானத்தில் தந்த அட்டையில், தாவரப் பொருள் எதுவும் கொண்டுவருகிறீர்களா என்று கேட்டிருந்தார்கள். இல்லை என்று கோடு போட்டேன். ரஷ்ய நாவலைத் தாவரம் என்று எவன் நினைப்பான்?

சுங்கத்தில் ஒரு பெண் அதிகாரி புத்தகத்தைத் தூக்கியதும் காய்ந்த வேப்பிலை பொலபொலவென்று மேசையில் கொட்டியது. அவர் என்னைப் பார்த்தார். நான் புத்தகத்தைப் பார்த்தேன். பிறகு அவர் கையுறை போட்டு, ஒரு சிறிய இடுக்கியால், ஒவ்வொரு பக்கமாகப் புரட்டி இலைகளை எடுக்கத் தொடங்கினார். எனக்குப் பின்னால் வரிசை நீண்டுகொண்டே போனது. அவர் அவசரப்படவில்லை.

அந்தப் புத்தகத்தின் எல்லாப் பக்கத்தையும் புரட்டிய முதல் ஆள் அவர்தான். கையுறையோடு படிக்கும் முறையை நம் விமர்சகர்கள் சிலருக்கும் சிபாரிசு செய்யலாம் என்று அப்போதே நினைத்தேன்.

அப்பா பெயர்

ரஷ்ய நாவல் என்றாலே பெயர்கள் குழப்பும் என்பார்கள். ஒரே ஆளை மனைவி ஒரு பெயரில் கூப்பிடுவாள், வேலைக்காரன் தகப்பன் பெயரையும் சேர்த்து மரியாதையாகக் கூப்பிடுவான், வட்டிக்காரன் குடும்பப் பெயரால் கத்துவான். மூன்று பேர் என்று நினைத்துக்கொண்டு நாம் பாதி நாவலைத் தாண்டிவிடுவோம்.

நமக்கு இது குழப்பக்கூடாது. தகப்பன் பெயரைச் சுமந்துகொண்டு திரிகிறவர்கள் நாமும்தான். ஊரில் அது ஒரு முதலெழுத்தாகச் சும்மா முன்னால் நின்றது. இங்கே வந்ததும் குடும்பப் பெயர் எங்கே என்று கேட்டார்கள். முதலெழுத்தை விரித்துக் கொடுத்தோம். அன்றிலிருந்து வங்கியிலும் வைத்தியசாலையிலும் என் அப்பாவைத்தான் கூப்பிடுகிறார்கள். நான் எழுந்து போகிறேன்.

குணம் அண்ணையின் தொழிற்சாலையில் குணம் என்றால் யாருக்கும் தெரியாது. சட்டையில் குத்தியிருப்பது அவருடைய அப்பா பெயர், ‘கந்தையா’. அங்கே வேலை செய்யும் கிரேக்கர், வியட்நாமியர், சமோவாக்காரர் எல்லோரும், “கந்தையா, இங்கே வா! கந்தையா, அந்த இயந்திரத்தை நிறுத்து!” என்றுதான் கூப்பிடுவார்கள். ஒருமுறை அவரைப் பார்க்கப் போயிருந்தபோது நானே கேட்டிருக்கிறேன்.

“பழகீற்றுது,” என்றார். “ஊரிலை அந்தாளை ஒருத்தரும் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. ‘மாஸ்டர்’ எண்டுதான். இஞ்சை வந்து ஒவ்வொரு நாளும் பேர் சொல்லிக் கூப்பிடுறாங்கள்.”

நான் அதைச் சிரித்துக் கேட்டுவிட்டு வந்தேன்.

வாகன நெரிசல்

முதல் மாதம் கூடினோம். குணம் அண்ணை தேநீர் போட்டார். ரோல்ஸ் வைத்தார். துண்டை வைக்கவில்லை.

“இன்னும் முடியேல்லை.”

சரி என்றோம். இரண்டாம் மாதமும் முடியவில்லை. மூன்றாம் மாதம் ரோல்ஸ் முன்பைவிட நன்றாக இருந்தது. துண்டு வரவில்லை.

எம் ஃபோர் நெடுஞ்சாலையில் ஒரு கார் நின்றால் என்ன நடக்குமோ அது நடந்தது. மூன்றாவது வராமல் இரண்டாவதை விடமாட்டேன் என்று ராகவன் சொல்லிவிட்டார். இரண்டாவது வராததால் நான் முதலாவதை விடவில்லை. ஜெயா அக்கா கடைசித் துண்டை வாசித்து முடித்து, பொலித்தீன் பையில் போட்டு, ஒவ்வொரு மாதமும் வெஸ்ட்மீடிலிருந்து கொண்டுவந்து, ஒவ்வொரு மாதமும் திரும்பக் கொண்டுபோனார்.

“அண்ணை, உங்கடை துண்டு எத்தினை பக்கம்? நீங்கள் மனப்பாடம் ஆக்கிறியளோ?”

“வாசிக்கிறன் பிள்ளை. எழுத்துச் சின்னன்.”

“எழுத்துச் சின்னன் எண்டால் கண்ணாடியை மாத்துங்கோ. நாங்கள் வேலைவெட்டி இல்லாமலோ வாறம்?”

ராகவன் இரண்டாம் துண்டின் கடைசிப் பக்கத்தில் தவித்துக்கொண்டிருந்தார். ஆளுநர் உத்தரவு போட்டுவிட்டார். மக்கள் போகிறார்களா இல்லையா என்று தெரியாது. “சார், அவங்க ஊர விட்டுக் கெளம்புனாங்களா, அத மட்டும் சொல்லுங்க,” என்று குணம் அண்ணையிடம் கெஞ்சினார்.

“வெளிக்கிட்டினம்,” என்றார் குணம் அண்ணை. அதற்குமேல் ஒரு சொல்லும் வரவில்லை.

வட்டம் உடைந்துவிடும் என்று எனக்குத் தோன்றியது. சிட்னியில் தமிழ் அமைப்புகள் உடைவது புதிதில்லை; ஆனால் ஒரு நாவலின் முக்கால் பகுதியில் எதுவும் உடைந்ததாக நான் கேள்விப்படவில்லை.

ஹெலன்ஸ்பர்க் வழியில்

அந்த மாதம் ஹெலன்ஸ்பர்க் கோயிலுக்குப் போனோம். ஜெயா அக்காவும் ராகவனும் ஒரு காரில். நான் குணம் அண்ணையின் காரில். அவரிடம் நேராகக் கேட்கும் பொறுப்பை மற்ற இருவரும் என் தலையில் கட்டியிருந்தார்கள். நான் நகைச்சுவை எழுதுகிறவன் என்பதால் பக்குவமாகக் கேட்பேன் என்று நம்பினார்கள்.

நகரம் முடிந்து இரண்டு பக்கமும் யூக்கலிப்டஸ் மரங்கள் வந்தன. “அண்ணை, துண்டு துலைஞ்சு போச்சோ?” என்று கேட்டேன். இதுதான் என் பக்குவம்.

“இல்லை. முதல் கிழமையே வாசிச்சு முடிச்சிட்டன்.”

“பேந்து ஏன் தரேல்லை?”

“தந்தால் நாலாவதை வாங்கவேணுமெல்லே.”

வண்டி கொஞ்ச தூரம் போனது. பிறகு அவராகவே சொன்னார். மூன்றாம் துண்டில் சனம் ஊரை விட்டு வெளிக்கிடுகிறது. மழை. பாலத்தில் நெரிசல். பட்டணத்து மணிக்கூட்டுக் கோபுரத்தில் ஒரு கிழவர் இருக்கிறார். மணிக்கூட்டுக்குச் சாவி கொடுப்பது அவர் வேலை. மகன் வந்து கூப்பிடுகிறான். நான் போனால் மணிக்கூடு நின்றுவிடும், நீ முன்னால் போ, என்கிறார் கிழவர். மகன் போகிறான். பாலத்தைத் தாண்டித் திரும்பிப் பார்க்கிறான். துண்டு அந்த இடத்தில் முடிகிறது. நாங்கள் வெட்டிய இடம் அது.

“அந்தக் கிழவன் என்ன ஆனவர் எண்டு நாலாந்துண்டிலை இருக்கும்,” என்றார். “வாசிச்சால் தெரிஞ்சிடும்.”

“தெரிஞ்சால் நல்லம்தானே அண்ணை?”

“உமக்கு நல்லம்.”

அவர் வீதியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “ஆமி வருகுதெண்டு ஊரே வெளிக்கிட்ட அண்டைக்குத்தான் அப்பர் கேற்றுக்குப் பெயின்ற் அடிச்சவர். பச்சை. ஒலிபெருக்கியிலை எல்லாரும் வெளிக்கிடுங்கோ எண்டு சொல்லிக்கொண்டு போறாங்கள். நான் சைக்கிளிலை அம்மாவை ஏத்திப்போட்டு வாங்கோ எண்டு நிக்கிறன். ‘நீங்கள் முன்னாலை போங்கோ, இது காஞ்சாப்பிறகு பூட்டிப்போட்டு வாறன்’ எண்டார். மழை பெய்யுது ஐசே. மழையிலை என்னெண்டு காயும்?”

எனக்கு வாயில் வருகிறதெல்லாம் பகிடிதான்; அதனால் வாயை மூடிக்கொண்டேன்.

“அவர் வரேல்லை. கன காலத்துக்குப் பிறகு ஊருக்குப் போனனான். வீடு இல்லை. கேற் நிக்குது. பூட்டியிருந்தது.”

“அப்ப அவர் பூட்டிப்போட்டு வெளிக்கிட்டிருக்கிறார்!”

“கேற்றை எவனும் பூட்டலாம்,” என்றார் குணம் அண்ணை. கோயில் வந்துவிட்டது. பிளேடை எடுத்துக் காரில் வைத்துவிட்டு இறங்கினார்.

எந்தக் கிழவர்?

பூசை முடிந்து, கீழே புளியோதரை வரிசையில் நின்றபோது நான் ஜெயா அக்காவை ஒரு பக்கம் கூப்பிட்டு, குணம் அண்ணை சொன்னதெல்லாம் சொன்னேன். பிறகு கடைசித் துண்டில் கிழவர் தப்பினாரா என்று கேட்டேன்.

“எந்தக் கிழவர்?” என்றார் ஜெயா அக்கா.

“மணிக்கூட்டுக் கிழவர்.”

“அப்பிடி ஒருத்தரும் இல்லையே தம்பி.”

அவர் கடைசித் துண்டை வரி விடாமல் வாசித்தவர். பனி கரைந்ததும் சனம் ஊருக்குத் திரும்பி வருகிறது. இரண்டு கல்யாணம். ஒரு வழக்கு. மிச்சமெல்லாம், எரிந்துபோன வேலிகள் எங்கே நின்றன என்று பக்கத்து வீட்டுக்காரர்கள் போடுகிற சண்டை. “அந்த இடம் எனக்கு நல்லா விளங்கினது. அப்படியே எங்கடை ஆக்கள்,” என்றார். கிழவர் மட்டும் எங்கேயும் இல்லை.

எனக்குக் கோபம் வந்தது. அத்தனை பக்கம் எழுதிய மனுஷன், ஒரு கிழவரைக் கோபுரத்தில் ஏற்றிவிட்டு இறக்க மறந்துபோனார். நானும் என் தொடர்களில் ஆட்களை மறந்திருக்கிறேன். போன வருடம் ஒரு மாமாவைப் பேர்த் விமான நிலையத்தில் விட்டேன், இன்னும் எடுக்கவில்லை. ஆனால் நான் மேதை இல்லை.

“இதைக் குணம் அண்ணைக்குச் சொல்லாமல் விடுவம்,” என்றேன்.

“விடேலாது. வார்ட்டுக்கு வெளியிலை காவல் இருக்கிற ஆக்களை நான் எத்தினை வருசமாப் பாக்கிறன். நாங்கள் போய் ‘இன்னும் ஒண்டும் தெரியாது’ எண்டு சொன்னாலும் அதுகளுக்கு ஒரு மூச்சு வரும். ஒருத்தரும் வந்து ஒண்டும் சொல்லாமல் விடுறதுதான் பொல்லாதது.”

புளியோதரையை வாங்கிக்கொண்டு நேராகக் குணம் அண்ணை இருந்த மேசைக்குப் போனார். நானும் பின்னால் போனேன், தொன்னையைக் கேடயம்போலப் பிடித்துக்கொண்டு.

“அண்ணை, தம்பி சொன்னவர். கோவிக்காதேங்கோ. நாலாந்துண்டிலை அந்தக் கிழவரைப் பற்றி ஒண்டும் இல்லை.”

குணம் அண்ணை சோற்றிலிருந்து கையை எடுத்துவிட்டு அவரைப் பார்த்தார். “ஒண்டும் இல்லையோ?”

“இல்லை அண்ணை. செத்ததெண்டும் இல்லை, இருக்கிறார் எண்டும் இல்லை.”

“மாட்டுக்குப் பல்லு விழுந்ததை ரெண்டு பக்கம் எழுதினவனெல்லே! இதுக்கு ஒரு வரி எழுத ஏலாமல் போச்சோ?” பக்கத்து மேசைக் குடும்பம் திரும்பிப் பார்த்தது. “நீர் சரியா வாசிக்கேல்லை ஜெயா.”

“நான் வாசிச்சனான்.”

“கொண்டாரும் அந்தத் துண்டை! நான் பாக்கிறன்.”

துண்டு ஜெயா அக்காவின் காரில் பொலித்தீன் பையில் இருந்தது. குணம் அண்ணை அதைக் கார் தரிப்பிடத்தில் வைத்துப் பிடுங்காத குறையாக வாங்கினார். அடுத்த ஞாயிறே மூன்றாம் துண்டு ராகவன் கைக்கு வந்து சேர்ந்தது. நாங்கள் கெஞ்சி நடக்காத காரியத்தைப் பெரியவர்மேல் வந்த கோபம் நடத்தி வைத்தது.

ஒரு வரி

அதற்கடுத்த கூட்டத்துக்கு நாங்கள் போனபோது குணம் அண்ணை தேநீர் போட்டிருக்கவில்லை. பிங்பொங் மேசைக்கு முன்னால் கதிரையில் இருந்தார். கடைசித் துண்டு திறந்தபடி கிடந்தது. ஒரு வரியில் விரலை வைத்திருந்தார்.

“ஜெயா, உதென்ன?”

ஜெயா அக்கா குனிந்து பார்த்தார். “ஆளுநர் திரும்பி வாறார். பாலத்தாலை இறங்கேக்கை தன்ரை பைக்குள்ளை இருந்த மணிக்கூடு பிந்தியிருக்கு. அதைச் சரிப்படுத்துறார்.”

“எதைப் பாத்துச் சரிப்படுத்துறார்?”

“கோபுரத்து மணிக்கூட்டை...” அவர் நிறுத்திவிட்டார்.

“ஆறு மாசம் சனமில்லாத ஊர்,” என்றார் குணம் அண்ணை.

“சார், சார்! நான் இன்னும் மூணாவது முடிக்கல. கதைய சொல்லாதீங்க,” என்று ராகவன் காதைப் பொத்தினார். அவரை யாரும் கவனிக்கவில்லை.

ஜெயா அக்கா அந்த வரியை முன்பே இரண்டு முறை வாசித்தவர். மூன்றாம் துண்டை வாசிக்காதவருக்கு அது ஒரு கனவான் நேரம் பார்க்கிற வரி, அவ்வளவுதான். பெரியவர் மறக்கவில்லை. நாங்கள் வெட்டிய இடத்தில் அந்த வரியின் வேர் அறுந்துபோயிருந்தது.

“அப்ப அவர் இருக்கிறார் அண்ணை,” என்றேன்.

“மணிக்கூட்டுக்கு எவனும் சாவி குடுக்கலாம்,” என்றார் குணம் அண்ணை. துண்டை மூடினார். பிறகு மறுபடி திறந்து அந்த வரியைப் பார்த்தார்.

“ஆனா சரியான நேரம் காட்டியிருக்கு.”

எழுந்து தேநீர் போடப் போனார்.

பசை

நெரிசல் தீர்ந்து எல்லாத் துண்டும் எல்லோர் கையிலும் ஒரு சுற்று வந்தது. நானும் வாழ்க்கையில் முதல்முறையாக அந்த நாவலை முடித்தேன். மெல்பேர்ன் வாசகர் கவனிக்க.

புத்தகத்தைத் திரும்ப ஒட்டித் தருவதாகக் குணம் அண்ணை சொன்னார். பெட்டி ஒட்டுகிற பசை அவரிடம் இருந்தது. இரண்டு பலகைத் துண்டு, ஒரு இறுக்கி, பழைய தூரிகை ஒன்று. அன்று மத்தியானம் எல்லோருக்கும் என் வீட்டில் சாப்பாடு. மனைவி ஆட்டிறைச்சிக் கறி வைத்திருந்தார். ஒட்டிவிட்டு நால்வருமாக வருவோம் என்று சொல்லியிருந்தேன்.

அவர் நான்கு துண்டையும் தட்டி நேராக்கினார். ஒன்றையும் இரண்டையும் சேர்த்தார். மூன்றையும் நான்கையும் சேர்க்கும்போது தூரிகையைக் கொஞ்சம் மெதுவாக இழுத்தார். முதுகில் பசை பூசி, பலகைக்கு நடுவில் வைத்து, இறுக்கியைத் திருகினார். வெளியே வழிந்த பசையை விரலால் வழித்துத் துணியில் துடைத்தார்.

என் போன் அடித்தது. மனைவி. “வெளிக்கிட்டாச்சோ? சோறு ஆறுது.”

“இந்தா வாறம்.”

செருப்பைப் போட்டுக்கொண்டோம். ராகவன் கார்ச் சாவியை எடுத்தார். ஜெயா அக்கா கைப்பையைத் தோளில் மாட்டினார். குணம் அண்ணை மேசையை விட்டு அசையவில்லை. விரல் நுனியால் பசையைத் தொட்டுப் பார்த்தார்.

“நீங்கள் முன்னாலை போங்கோ,” என்றார். “இது காஞ்சாப்பிறகு பூட்டிப்போட்டு வாறன்.”

தான் சொன்னது அவருக்கே அப்போதுதான் கேட்டிருக்க வேண்டும். பசையிலிருந்து விரலை எடுக்காமல் நின்றார்.

ஜெயா அக்கா கைப்பையைக் கழற்றி மேசையில் வைத்தார். ஒரு கதிரையை இழுத்துப் போட்டு அமர்ந்தார். ராகவன் ஒன்றும் கேட்காமல் செருப்பைக் கழற்றிவிட்டுப் பழைய பெயின்ற் வாளி ஒன்றைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்தார். நான் சுவரோடு சாய்ந்துகொண்டேன்.

“இது காய நேரம் எடுக்கும்,” என்றார் குணம் அண்ணை, எங்களைப் பார்க்காமல்.

“எடுக்கட்டும் அண்ணை,” என்றார் ஜெயா அக்கா.

போன் மறுபடி அடித்தது.

“இன்னும் அங்கை என்ன செய்யிறியள்?”

“பசை காயேல்லை.”

“ஒரு பசை காயிறதுக்கு நாலு பேர் காவலோ?”

“ஓம்,” என்றேன்.